லாட்ஜ் மோட்டாரும் பதினைந்து பெயர்களும்

தென்காசியில் மோட்டாருக்குச் செம்புக் கம்பியில் காயில் கட்டும் கடையைக் கடக்கும்போதெல்லாம் வார்னிஷ் வாசனை என்னைப் பிடித்து நிறுத்திவிடும். நேற்றும் நின்றேன். கடைக்காரர் வாடிக்கையாளர் வந்துவிட்டதாக நினைத்து ஸ்டூலை நகர்த்திப் போட்டார். அவரை ஏமாற்ற மனமில்லாமல் உட்கார்ந்தும் விட்டேன்.

வேலைக்குச் சேர்ந்த புதிதில், வரலாற்றுப் பாடத்தோடு பிளஸ் ஒன் அட்மிஷனையும் என் தலையில் கட்டினார்கள். ஸ்டெல்லா டீச்சர் நடத்திய மின்மோட்டார் தொழிற்கல்விப் பிரிவில் வெள்ளிக்கிழமைக்குள் பதினைந்து பேர் சேராவிட்டால் பிரிவையே மூடிவிடுவார்கள். சேர்ந்திருந்தது ஏழு. நான் உழைப்பின் மாண்பைப் பற்றி, சிந்துவெளியில் தொடங்கி, இரண்டு பக்க நோட்டீஸ் எழுதினேன். டீச்சர் பொறுமையாகப் படித்தார்.

"நல்லாத்தான் இருக்கு சார். படிச்சா எனக்கே சேரப் பயமா இருக்கு."

அப்போது குற்றாலத்தில் சீசன். மலையிலிருந்து தண்ணீர் கொட்டும். லாட்ஜ் குழாயில் சொட்டு வராது. ஓயாமல் ஓடி மோட்டார்கள் கருகிப்போகும் காலம் அது. அப்படிக் கருகிய ஒரு லாட்ஜ் மோட்டாருக்கு, டீச்சரிடம் பிளஸ் டூ படித்த பேச்சியம்மாள் பள்ளியிலேயே காயில் கட்டியிருந்தாள். அவள் அதை மாட்டுவதைப் பார்க்கத்தான் டீச்சர், பிள்ளைகளைச் சேர்க்க யோசித்த பெற்றோரை அந்த லாட்ஜுக்கு வரச் சொன்னார். கீழப்பாவூரிலிருந்துகூட வந்தார்கள், கையில் துண்டோடு.

சாரலில் குடை பிடித்தபடி எல்லோரும் பார்க்க, பேச்சி சுவிட்சைப் போட்டாள். மோட்டார் ஓடியது. தண்ணீர் வரவில்லை.

"பொம்பளப் பிள்ளைய நம்பி மோட்டார குடுத்தேன் பாரு" என்றார் லாட்ஜ் அண்ணாச்சி. டீச்சர் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். நீங்கள் போய்ப் பார்க்கக்கூடாதா என்று கிசுகிசுத்தேன்.

"நான் தொட்டா நாளைக்கு ஒருத்தரும் சேர மாட்டாங்க சார்."

பேச்சி சுவிட்சை அணைத்தாள். குழாயைத் தட்டிப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்து, "சார், ஒரு வாளி தண்ணி கொண்டாங்க. பம்புல காத்து நிக்குது. ரொப்ப மறந்துட்டேன்" என்றாள்.

தண்ணீரே இல்லாத லாட்ஜில் வாளித் தண்ணீருக்கு எங்கே போவது? வாய்க்காலுக்கு ஓடினேன். வழியில் வழுக்கியதில் வாளி முக்காலாகிவிட்டது; அது போதுமானதாக இருந்தது. மாடித் தொட்டியில் தண்ணீர் விழும் சத்தம் கேட்டபோது அண்ணாச்சி நிமிர்ந்து பார்த்துவிட்டுக் குரலை இறக்கினார்.

"ஏட்டி, நீ எங்க படிச்சே இத?"

அன்று சாயங்காலம் பதினான்கு பெயர் ஆனது. டீச்சர் ஒவ்வொரு பிள்ளையையும் தனியே கூப்பிட்டு, விருப்பமா என்று கேட்டுத்தான் எழுதினார். விருப்பமில்லாத இரண்டு பேரைத் திருப்பியும் அனுப்பினார். இன்னும் ஒன்று குறைகிறதே என்று நான் பட்டியலை மறுபடி எண்ணினேன். வெள்ளிக்கிழமை மத்தியானம் அண்ணாச்சி தன் மகளோடு வந்தார். "இவளாத்தான் கேட்டா டீச்சர்" என்றார்.

டீச்சர் ஓய்வு பெற்றுவிட்டார். அந்த லாட்ஜும் இல்லை. அட்மிஷன் மேஜையில் நான் மட்டும் இருக்கிறேன். "மார்க் கம்மிதான் சார், அந்தக் குரூப்பாவது குடுங்க" என்று தரையைப் பார்த்தபடி வரும் அப்பாக்களைத்தான் இப்போது காணோம். போன ஜூனில் ஒருவர் அதே பிரிவுக்குச் சிபாரிசுக் கடிதத்தோடு வந்தார். "இடமில்லை" என்றேன். என் உத்தியோகத்தில் அவ்வளவு சந்தோஷமாக யாரையும் திருப்பி அனுப்பியதில்லை.