மார்த்தாள் ஆசைப்பட்ட தாடி

மார்த்தாளைப் பெண் பார்க்க மைக்கேல் தாடியோடு வந்தான். எழுபத்து நாலாம் வருஷம், மேல்பட்டாம்பாக்கத்தில். பெண் பார்க்க வருகிறவன் முதல் நாளே சலூனுக்குப் போய், முகத்தை வழவழவென்று வழித்துக்கொண்டு, பவுடர் பூசி வருவதுதான் அந்தப் பக்கத்து வழக்கம். இவனோ நெஞ்சுக்குழி வரைக்கும் கருகருவென்று தொங்கும் தாடியோடு வந்து, பாயில் சம்மணம் போட்டு உட்கார்ந்தான்.

மார்த்தாளின் சித்தி அடுப்படிக்குள் வந்து குசுகுசுத்தாள். "அந்த வூட்ல யாராச்சும் செத்துட்டாங்களா? இல்ல, எவளாச்சும் ஏமாத்திட்டுப் போய்ட்டாளா? காப்பி குடுக்கறதுக்கு முன்ன அதக் கேட்டுக்கினு வாங்கடி."

மார்த்தாள் கதவிடுக்கு வழியாகப் பார்த்தாள். பார்த்த கண்ணை எடுக்க முடியவில்லை. சின்ன வயதிலிருந்தே அவளுக்கு அப்படித்தான். ஜவுளி மூட்டை தூக்கி வரும் பாய் ஒருவருக்கு மார்பு வரை தாடி இருக்கும். அம்மா பாவாடைத் துணி பேரம் பேசுவாள். இவள் அந்தத் தாடியையே பார்த்துக்கொண்டு நிற்பாள். "ஆம்பளய அப்படிப் பாக்காதடி" என்று தொடையில் கிள்ளு வாங்கியிருக்கிறாள். ஏன் பிடிக்கிறது என்று கேட்டால் அவளுக்குச் சொல்லத் தெரியாது. சொல்லக் கூடிய விஷயமும் இல்லை. வெல்லம் பிடிக்கும் என்று ஒரு பெண் சொல்லலாம். தாடி பிடிக்கும் என்று சொன்னால் ஊர் சிரிக்கும்.

தாடிக்கான காரணத்தை மைக்கேலே சொன்னான். "வேளாங்கண்ணி மாதாவுக்கு வேண்டிக்கினு இருக்கேங்க. நெய்வேலி மைன்ஸ்ல கான்ட்ராக்ட்ல இருக்கேன். பெர்மனன்ட் ஆனதும் நேரா போயி மாதா கோயில்ல முடி எறக்கிடுவேன். அது வரைக்கும் மூஞ்சியில கத்தி படாது."

மார்த்தாள் வீட்டார் சபைக்காரர்கள், மாதாவைக் கும்பிடாத புராட்டஸ்டன்ட் வேதக்காரர்கள். "எங்க சபையில முடி குடுக்கற பழக்கமெல்லாம் கெடையாது தம்பி" என்றார் அவள் அப்பா. ஆனாலும் நெய்வேலி என்ற பேருக்கு அந்தக் காலத்தில் ஒரு மதிப்பு இருந்தது. இன்றைக்கில்லாவிட்டால் நாளைக்கு பெர்மனன்ட், அப்புறம் குவார்ட்டர்ஸ், ஆஸ்பத்திரி, பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம். இரண்டு பக்கமும் ஒரே சாதிசனம் என்பதால் கோயில் வேறு என்பதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. கல்யாணம் நடந்தது.

மந்தாரக்குப்பத்தில் ஒரு சந்துக்குள் வாடகை வீடு. மைக்கேலுக்கு கன்வேயர் பெல்ட்டிலிருந்து சிந்துகிற கரியையும் மண்ணையும் வாரிப் போடுகிற வேலை. ஷிப்ட் முடிந்து வரும்போது தாடி முழுக்கத் தூசி அப்பியிருக்கும். மார்த்தாள் வெந்நீர் வைத்து, சீயக்காய் குழைத்து, அந்தத் தாடியை அலசி விடுவாள். துண்டால் ஒற்றி, ஈரம் காய்ந்ததும் ஒரு சொட்டு எண்ணெய் தடவி, சீப்பால் வாரி விடுவாள். நாளில் அவள் காத்துக் கிடக்கிற நேரம் அதுதான்.

"மாதாவுக்குச் சேர வேண்டியது. நல்லா வச்சிக்கணும்ல" என்பான் மைக்கேல், கண்ணை மூடிக்கொண்டு. தன் வேண்டுதலுக்குத்தான் அவள் இத்தனை மரியாதை செய்கிறாள் என்று நினைத்துக்கொண்டான். மார்த்தாளும் சிரித்துக்கொள்வாள். இல்லை என்று சொல்லவில்லை.

அடுத்த வருஷம் ஜெயசெல்வி பிறந்தாள். அந்தப் பிஞ்சு, பால் குடித்து முடித்ததும் அப்பன் மடிக்குப் போய், இரண்டு கையிலும் தாடியைக் கொத்தாகப் பிடித்துக்கொண்டு தூங்கும். விரலைப் பிரித்தால் உதட்டைப் பிதுக்கும். அந்த உதட்டைப் பார்க்கிறதற்கென்றே மைக்கேல் பிரிப்பான்.

மார்த்தாளுக்கு பெர்மனன்ட் வேண்டாமென்று இல்லை. சந்துக் குழாயில் குடத்தோடு வரிசையில் நிற்கும்போதெல்லாம் டவுன்ஷிப் வீட்டுக் குழாய்தான் ஞாபகத்துக்கு வரும். ஆனால் பெர்மனன்ட் வருகிற அன்றைக்குத் தாடி போய்விடும். ஒன்று வந்தால் மற்றது போகும் என்று கல்யாணத்துக்கு முன்பே பேசி முடித்த விஷயம். அது வருகிறபோது பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளித் தள்ளிப் போட்டாள்.

எழுபத்தெட்டில் அது வந்தது.

கோடைக்காலத்தில் கரிக்குவியல் தானாகவே பற்றிக்கொண்டு புகையும். அதை அணைக்கிற செக்‌ஷனுக்கு கான்ட்ராக்ட் ஆட்களிலிருந்து சிலரை பெர்மனன்டாக எடுத்தார்கள். மைக்கேலைக் கூப்பிட்டார்கள். ஓடச் சொன்னார்கள், ஏணியில் ஏறச் சொன்னார்கள், எல்லாவற்றிலும் தேறினான். கடைசியில் ஆபீசர் அவன் முகத்தைப் பார்த்தார்.

வீட்டுக்கு வந்து அதை மார்த்தாளிடம் அப்படியே சொன்னான் மைக்கேல். "பொகைக்குள்ள போவும்போது மூஞ்சியில மாஸ்க் போடணுமாம். தாடி இருந்தா ஒட்டாதாம், ஓரத்துல பொக பூந்துடுமாம். 'வெள்ளிக்கெழம மெடிக்கல், வழிச்சிட்டு வா, வேல உனக்குத்தான்'ன்னு சொல்லிட்டாரு."

மார்த்தாள் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தாள். கை நின்றுவிட்டது.

"பெர்மனன்ட் ஆனப்புறம் எறக்கறேன்னுதான வேண்டிக்கினேன்" என்றான். "ஆகறதுக்கு முன்னயே சலூன்ல எடுத்தா வேண்டுதல் என்னா ஆவும்? ஃபாதரக் கேக்கலாம்னு போனேன், அவரு திருச்சிக்குப் போயிருக்காரு. எனக்கு ஒண்ணும் புரியல மார்த்தா. நீ சொல்லு. நீ சொல்றதச் செய்யறேன்."

எடுத்துவிடுங்கள், மாதா கோவிச்சிக்க மாட்டாள் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அவன் அந்த நிமிஷமே எழுந்து போயிருப்பான். அந்த வார்த்தையைக் கேட்கத்தான் அவன் உட்கார்ந்திருந்தான். அது அவளுக்கும் தெரிந்தது. ஆனால் அவள் கண் தாடியின் மேல் இருந்தது. காலையில் அவள் வாரிவிட்ட வகிடு கூடக் கலையவில்லை.

"மாதாவுக்குன்னு சொன்னத நடுவுல எடுக்கக் கூடாதுங்க" என்றாள். "வேல இன்னிக்கிப் போனா நாளைக்கி வரும். சாமி காரியம் அப்படி இல்ல."

மைக்கேல் அவளையே பார்த்தான். "உங்க சபையில இதெல்லாம் கெடையாதே."

"நாந்தான் உங்க வூட்டுக்கு வந்துட்டன்ல."

அவனுக்குக் கண் கலங்கிவிட்டது. "எங்கம்மா கூட இப்படிச் சொல்லியிருக்க மாட்டாங்கடி" என்றான். மார்த்தாள் தலையைக் குனிந்து கீரையை உருவினாள். காம்பும் இலையும் சேர்ந்தே முறத்தில் விழுந்தது.

வெள்ளிக்கிழமை தாடியோடு போய்த் தன்னால் முடியாது என்று சொல்லிவிட்டு வந்தான். அவனுக்கு அடுத்து நின்ற கொளஞ்சியப்பனை எடுத்துக்கொண்டார்கள். கொளஞ்சியப்பன் இதே சந்துக்காரன். அவனுக்கு ஒரு வேண்டுதலும் கிடையாது.

கொளஞ்சியப்பனுக்கு குவார்ட்டர்ஸ் கிடைத்துப் பால் காய்ச்சினபோது மார்த்தாள் போயிருந்தாள். அவன் பெண்சாதி வள்ளியம்மாள் வீட்டைச் சுற்றிக் காட்டினாள். சமையல்கட்டுக் குழாயைத் திறந்து விட்டு, "பாரேன், எப்படிக் கொட்டுதுன்னு" என்றாள். பிறகு, "உன் வூட்டுக்காரரு மட்டும் ம்முன்னு தலய ஆட்டியிருந்தா இது உன் வூடுடி" என்றாள். அவள் குத்திப் பேசவில்லை. மனசில் பட்டதைச் சொன்னாள். மார்த்தாள் குழாயை மூடிவிட்டு வெளியே வந்தாள்.

இதைவிடக் கொடுமை ஒன்று இருந்தது. மைக்கேல் பார்க்கிறவர்களிடமெல்லாம் பெருமை பேசினான். டீக்கடையில், ஷிப்டில், கோயில் வாசலில். "எம் பொண்டாட்டி சபைக்காரி. ஆனா மாதாவுக்காக வேலயே வாணாம்னு சொன்னவ." கோயிலுக்கு வருகிற பெண்கள் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, எங்களுக்காகவும் ஜெபம் பண்ணு என்றார்கள். அவள் சரி சரி என்றாள். அதற்கப்புறம் எந்த செக்‌ஷனிலும் மைக்கேலைக் கூப்பிடவில்லை. கான்ட்ராக்டர் மாறினார், வேலை அதேதான். தாடியில் அங்கங்கே நரை விழுந்தது. நரைத்த தாடியும் அவளுக்குப் பிடித்துத்தான் இருந்தது.

எண்பத்தொன்றில் அவள் டவுன்ஷிப்பில் ஒரு வீட்டுக்குப் பாத்திரம் தேய்க்கப் போய்க்கொண்டிருந்தாள். மைன்ஸ் இன்ஜினீயர் கோபாலகிருஷ்ணன் வீடு. கோயமுத்தூர்ப் பக்கத்துக்காரர். லீவில் ஊருக்குப் போய் ஒரு மாதம் சவரம் பண்ணாமல் திரும்பி வந்திருந்தார். அவர் மனைவி பார்வதி காலையிலிருந்து அதையே சொல்லிக்கொண்டிருந்தாள்.

"ஏனுங்க, பொண்டாட்டி நான் உயிரோட இருக்கையில இதென்ன கோலம்? நீயே சொல்லு மார்த்தாள், நல்லாவா இருக்குது?"

"ஐயாவுக்கு நல்லாத்தான் இருக்குதும்மா. எடுக்க வாணாம்" என்றாள் மார்த்தாள். வாய் தவறி வந்துவிட்டது.

இன்ஜினீயர் பேப்பரை மடித்து வைத்துவிட்டுச் சிரித்தார். "உனக்குத் தாடி பிடிக்குமா? அதுக்கு இங்கிலீஷ்ல ஒரு பேரே இருக்கு தெரியுமா? போகனோபிலியா."

"ஐயோ, வியாதிங்களா?"

"வியாதி இல்ல, ஆசை. கிரேக்கர்னு பழைய ஜனங்க. அவங்க பாஷையில தாடிக்குப் பேரு போகோன். பிலியான்னா பிரியம். பின்னாடி வந்தவங்க ரெண்டையும் எடுத்து ஒட்டவச்சு ஒரு வார்த்தை பண்ணிட்டாங்க. தாடியைக் கண்டா பயப்படுறவங்களுக்கும் தனியா ஒண்ணு வச்சிருக்காங்க. அது உங்க அம்மாவுக்கு" என்று பார்வதியைக் காட்டினார்.

மார்த்தாள் அந்த வார்த்தையை இன்னொரு தரம் சொல்லச் சொன்னாள். சாம்பல் கையோடு நின்று தானும் சொல்லிப் பார்த்தாள். பேர் வைத்திருக்கிறார்கள் என்றால் எங்கேயோ, எப்போதோ, தன்னைப் போல் இன்னும் பல பேர் இருந்திருக்கிறார்கள். அவர்களை யாரும் தொடையில் கிள்ளவில்லை. உட்கார்ந்து யோசித்துப் பேர் வைத்திருக்கிறார்கள். இத்தனை வருஷம் நெஞ்சில் அடைத்துக் கிடந்தது ஏதோ கரைந்த மாதிரி இருந்தது. அந்தச் சந்தோஷத்தில்தான் வாயை விட்டாள்.

"எங்க வூட்டுக்காரருக்கு வேல வந்தப்ப வழிக்கச் சொன்னாங்கம்மா. நாந்தான் மாதா பேரச் சொல்லி வாணாம்னு நிறுத்திட்டேன். மனசு வரல."

பார்வதி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். இன்ஜினீயரும் சிரித்தார். அவர்களுக்கு அது ஒரு வேடிக்கை. நல்ல மனுஷர்தான், அடுத்த நாள் மைன்ஸில் மைக்கேலைப் பார்த்ததும், கூட இருந்த கூட்டத்துக்கு நடுவில் அந்த வேடிக்கையைச் சொல்லிவிட்டார்.

மைக்கேல் அன்றைக்கு ஷிப்ட் முடியுமுன்னே வீட்டுக்கு வந்தான். சைக்கிளைச் சுவரில் சாய்த்துவிட்டு வாசற்படியில் உட்கார்ந்தான். மார்த்தாள் வெந்நீர்ச் செம்பை எடுத்துக்கொண்டு வந்தாள்.

"அத வையி" என்றான். "இன்னிக்கி மைன்ஸ்ல எனக்கு ஒரு வார்த்த கத்துக் குடுத்தாங்க. எனக்கு வாயில நொழயல. உனக்குத் தெரியுமாமே. கான்ட்ராக்ட் ஆளுங்க அத்தினி பேரும் சிரிச்சானுங்க. எங்கூட வேல செய்யற அய்யாசாமி கேக்கறான், 'மாமா, அக்கா ஆசப்பட்டது உம்மயா, உம்ம தாடியயா'ன்னு."

மார்த்தாள் செம்பைக் கீழே வைத்தாள்.

"மாதா பேரச் சொல்லித்தான நிறுத்தின?"

"ஆமாங்க."

"மாதாவ ஏண்டி இழுத்த?"

"வேற எதச் சொல்லியிருந்தா நீங்க கேட்டிருப்பீங்க?"

மைக்கேல் சத்தம் போடவில்லை. போட்டிருந்தால் தாங்கியிருப்பாள். மெதுவாகத்தான் கேட்டான். "பைத்தியக்காரி. மயிருதானடி. வளராதா? ஆசையா இருக்குதுன்னு ஒரு வார்த்த எங்கிட்ட சொல்லியிருந்தா, அந்த வேலயில சேந்து, வேளாங்கண்ணிக்குப் போய்ட்டு வந்து, பின்னாடி வேற செக்‌ஷன் கேட்டு வாங்கிக்கினு உனக்காவ வளத்திருப்பனே. ரெண்டும் கெடச்சிருக்குமே."

மார்த்தாள் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். மறுபடி வளர்க்கலாம் என்பது அவளுக்குத் தோன்றவே இல்லை. மாதாவுக்குக் கொடுத்தது மாதாவோடு போய்விடும் என்றுதான் நினைத்திருந்தாள். முடி காணிக்கை கொடுக்கிற குடும்பத்தில் பிறந்திருந்தால், கொடுத்துவிட்டு வந்து மறுபடி வளர்க்கிறவர்களை வருஷா வருஷம் பார்த்திருப்பாள். சபையில் வளர்ந்தவள், பார்த்ததில்லை, கேட்கவும் வெட்கம்.

மைக்கேல் எழுந்து தெருமுனையில் வேணு சலூனுக்குப் போனான். திரும்பி வந்தபோது முகம் இரண்டு நிறமாக இருந்தது. மேலே வெயிலில் கறுத்தது, கீழே வெளுத்தது. தாடை சிறுத்து, வாய் ஒரு பக்கம் லேசாகக் கோணியிருந்தது. இந்த வாயை அவள் ஒரு நாளும் பார்த்ததில்லை. ஜெயசெல்வி யாரோ வந்துவிட்டார்கள் என்று உள்ளே ஓடினாள்.

"வேளாங்கண்ணிக்கு எப்பங்க..." என்று ஆரம்பித்தாள் மார்த்தாள்.

"மாதாவுக்குக் குடுக்க எங்கிட்ட என்னா இருக்கு? அது எப்பவோ உன்னுதா ஆயிப்போச்சி. வேணுகிட்ட கெடக்குது, வேணும்னா போயி வாரிக்கினு வா."

அதற்கப்புறமும் அவனை பெர்மனன்ட் பண்ண யாரும் கூப்பிடவில்லை. சில வருஷத்தில் அதற்கான வயசும் தாண்டிப்போனது. கான்ட்ராக்டிலேயே கிடந்தான். அடிக்கவில்லை, திட்டவில்லை, சோறு வேண்டாம் என்று சொல்லவில்லை. தினம் காலையில் சவரம் மட்டும் பண்ணிக்கொண்டான். வேலை இல்லாத நாளும் பண்ணிக்கொண்டான், காய்ச்சலில் கிடந்தபோதும் எழுந்து பண்ணிக்கொண்டான். சுவரில் ஆணி இருந்தும் கண்ணாடியை அதில் மாட்ட மாட்டான். மார்த்தாளைக் கூப்பிட்டு எதிரே உட்கார வைத்து, அவள் கையில் கொடுப்பான்.

"கொஞ்சம் தூக்கிப் புடி."

அவள் தூக்கிப் பிடிப்பாள். கத்தி கன்னத்தில் இறங்கும் சத்தம் அவளுக்குக் கேட்கும். முடித்ததும் முகத்தைத் துடைத்துக்கொண்டு அவள் பக்கம் நீட்டுவான்.

"தடவிப் பாரு. எங்கியாச்சும் விட்டுப் போயிருக்குதா?"

அவள் ஒரு கையால் கண்ணாடியைப் பிடித்துக்கொண்டு, மறு கையால் அவன் கன்னத்தைத் தடவிப் பார்ப்பாள்.

"இல்லீங்க."

"நல்லா இருக்குதா?"

"நல்லா இருக்குதுங்க" என்பாள்.