கப்பல் சூப்

சித்தியைப் பெண் பார்க்க வந்தவர்களில் எங்கள் சமையற்கட்டுக்குள் நுழைந்தவர் ஒருவர்தான். அவருக்குக் கப்பலில் சமையல் வேலை. மாதக்கணக்கில் கடலில் இருந்துவிட்டு விடுப்பில் கொல்லிமலைக்கு வந்திருந்தார். முதல் தடவை வந்தபோது செல்போனில் கப்பலின் படங்களைக் காட்டினார். அதன் சமையற்கட்டு மட்டுமே அம்மாவின் அப்பாவான அப்புச்சியின் வீட்டைவிடப் பெரிதாக இருந்தது. அப்புச்சி கடைசிப் படம்வரை பார்த்துவிட்டு, "அப்படி என்னத்தத்தான் ஆக்குவீங்க தம்பி? எங்களுக்கும் ஒருநா ஆக்கிப் போடுங்க, பாக்கலாம்" என்றார்.

அது வேடிக்கைக்குச் சொன்னதல்ல. கப்பல் சமையல்காரர்கள் மாட்டுக்கறி ஆக்குவார்கள் என்று சோளக்காடு சந்தையில் யாரோ அப்புச்சியிடம் சொல்லியிருந்தார்கள். "அது மட்டும் நெசமா இருந்தா இந்தப் பேச்ச இதோட உட்டரலாம்" என்று அம்மாவிடம் சொன்னார். சித்தியிடம் சம்மதம் கேட்டதற்கு அவள் பதில் சொல்லவில்லை. முன்பு வந்த வரன்களுக்கும் அவள் வாயைத் திறந்ததில்லை. அதை வேண்டாம் என்று எடுத்துக்கொள்வது வீட்டில் வழக்கமாகியிருந்தது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவர் தன் அக்காவோடு பஸ்ஸில் வந்து இறங்கினார். பையில் உருளைக்கிழங்கு, வெண்ணெய், பால் பாக்கெட், எலும்பில்லாத ஆட்டுத்தொடைக் கறி ஒரே துண்டாக. அப்படி வெட்டித் தரச் சொன்னதற்குக் கறிக்கடைக்காரர், "நாய்க்குங்களா?" என்று கேட்டாராம்.

அம்மா என்னைச் சமையற்கட்டில் உட்காரவைத்தாள். "சித்திக்கு ஒத்தாசையா இங்கயே இரு கண்ணு. எந்திரிச்சு வந்தராத." பள்ளி விடுமுறைக்கு வந்திருந்த எனக்குப் பெருமையாக இருந்தது. ஆனால் கடைசிவரை யாரும் எனக்கு ஒரு வேலையும் தரவில்லை.

அவர் தோசைக்கல்லைப் புகைய விட்டு, உப்பும் மிளகும் தடவிய கறியை முழுசாக அதன்மேல் போட்டார். இரண்டு பக்கமும் நன்றாகச் சிவந்ததும் எடுத்துச் சிறு துண்டுகளாக நறுக்கி, வெங்காயம், பூண்டு, கிழங்கோடு குக்கரில் ஏற்றினார். பிறகு சட்டியில் வெண்ணெயை உருக்கி மைதாவை வறுத்தார். பாலை எடுத்தபோது வாசற்படியில் நின்ற அம்மா தடுத்தாள். பாலில் உப்புச் சேர்ந்தால் கறந்த மாட்டின் மடி வற்றிவிடும் என்பது எங்கள் வீட்டு நம்பிக்கை.

"பாக்கெட் பாலுங்க" என்றார் அவர். "எந்த ஊரு மாடோ."

அம்மா சற்று யோசித்தாள். பிறகு அந்த மாட்டை அதன் விதிக்கு விட்டுவிட்டுப் போனாள்.

மாவு பாலில் கரைந்து கெட்டியாகிக்கொண்டிருந்தது. சித்தி தலை நிமிராமல் கேட்டாள்: "கப்பல்லயும் இதுக்கு ஆட்டுக்கறிதானுங்களா?"

அவர் கை நின்றது. "இல்லீங்க. மாட்டுக்கறி. ஆக்குறவன் ருசி பாக்காமயும் இருக்க முடியாதுங்க."

சித்தி சட்டியைப் பார்த்தாள். "கிண்டறத நிறுத்தாதீங்க. அடிப்புடிக்குது" என்றாள்.

குக்கரில் வெந்ததை அதில் கொட்டிக் கலக்கியதும் சூப் வெள்ளையாக, கூழ் பதத்தில் வந்தது. அப்புச்சி அதைக் கூழைப் போலவே டம்ளரில் ஊற்றிக் குடித்தார். "காரம் பத்தல" என்றார். இரண்டாவது டம்ளரும் வாங்கிக்கொண்டார். அது பாதி ஆனபோது கேட்டார்: "ஏனுங்க தம்பி, கப்பல்ல இதுக்கு என்ன கறிங்க போடுவீங்க?"

சமைத்தவர் தன் கிண்ணத்தைக் கீழே வைத்தார். அவர் அக்கா சேலைத் தலைப்பைச் சரிசெய்தாள். பேச வாயெடுத்தவரை முந்திக்கொண்டு சமையற்கட்டுக் கதவோரம் சட்டியும் கரண்டியுமாக என் பக்கத்தில் நின்ற சித்தி சொன்னாள்: "இதே ஆட்டுக்கறிதானுங்கப்பா."

பெண் பார்க்க வந்தவர்கள் முன்னால் அவள் பேசி அன்றுதான் கேட்டேன். அதுவும் தவறான விடை. யார் தப்பாகச் சொன்னாலும் உடனே எழுந்து திருத்துவது வகுப்பில் என் பழக்கம். "இல்லீங்க அப்புச்சி" என்று ஆரம்பித்தேன். அதற்குள் சித்தியின் கரண்டி என் வாய்க்குள் போய்விட்டது. அதில் ஒரு முழு உருளைக்கிழங்குத் துண்டு, கொதிக்கக் கொதிக்க. கண்ணில் தண்ணீர் வந்தது.

"பாவம், புள்ளைக்குப் பசி" என்றாள் சித்தி.

அப்புச்சி அவளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், டம்ளரில் மீதி இருந்ததைக் குடித்து முடித்தார். "சரி, நம்மூட்டுக் கறியாட்டந்தான் இருக்குது" என்றார்.

அவர்கள் பஸ் ஏறிய பிறகு அம்மா என்னைக் கிணற்றடிக்கு அழைத்துப்போனாள். "அடுப்படில ரெண்டு பேரும் என்ன கண்ணு பேசிக்கிட்டாங்க?"

"அவரு நெசத்தச் சொன்னாரும்மா. சித்திதான் அப்புச்சிகிட்டப் பொய் சொல்லிருச்சு" என்று நடந்ததைச் சொன்னேன். சித்திக்குத் திட்டு விழும் என்று காத்திருந்தேன். அம்மா என் கன்னத்தைக் கிள்ளி, "இத ஒருத்தர்கிட்டயும் சொல்லிராத சாமி" என்றாள். நேராக அப்புச்சியிடம் போய், "தங்கச்சிக்கு அவரப் புடிச்சிருக்குதுங்கப்பா. அவளே சொல்லிட்டா" என்றாள்.

சித்தி அப்படி எதுவும் சொல்லவில்லை. நான் பக்கத்திலேயே இருந்தவள். ஆக, ஒரே நாளில் அக்கா தங்கை இருவரும் பொய் சொல்லியிருந்தார்கள். நான் பொய் சொன்னால் காதைத் திருகும் அப்புச்சியோ, முகம் மலர்ந்து பந்தலுக்கு ஆள் சொல்லக் கிளம்பிக்கொண்டிருந்தார். அந்த வீட்டில் என்ன நடந்தது என்று தெரிந்த ஒரே ஆள் நான்தான் என்று அப்போது உறுதியாக நம்பினேன்.