தம்பிக்காகக் காத்திருந்த வேலை

அப்பா இறந்தபோது எனக்குப் பதினெட்டு வயது முடிந்து, எஸ்.எஸ்.எல்.சி. பாஸாகி வீட்டில் இருந்தேன். தம்பிக்கு ஒன்பது. அப்பா திருச்செங்கோட்டில் ஒரு அரசு அலுவலகத்தில் கிளார்க். வேலைக்குப் போக மல்லசமுத்திரத்தில் பஸ்ஸுக்கு நின்றவர், நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். எழவேயில்லை.

கருமாதி முடிந்த மறுநாள் அவரோடு வேலை பார்த்த டைப்பிஸ்ட் ஒரு விண்ணப்பத்தோடு வந்தார். பணியில் இருக்கும்போதே இறந்தவரின் வாரிசுக்கு வேலை கிடைக்கும் என்று அம்மாவுக்கு விளக்கினார்.

"பாப்பாவுக்கு எழுதிப் போடுங்க. சூட்டோட சூடா போட்டாத்தான் நடக்கும்."

பெரியப்பா அந்தத் தாளைக் கையில்கூட வாங்கவில்லை. "பொட்டப்புள்ளைக்கு வாங்குனா நாளைக்கு வேலை இன்னொருத்தன் ஊட்டுக்குப் போயிருமுங்க. பையனுக்குப் பதினெட்டு ஆகட்டும்."

"அதுவரைக்கும் வேலை காத்துக்கிட்டு இருக்காதுங்க."

"அதெங்க போகுது? எங்கய்யன் சாகறப்ப நானும் மைனருதானுங்க. என்ற பங்குக் காடு அப்படியேதான இருந்துச்சு."

எங்கள் ஆட்களின் புத்தி அது. வரப்புப் போட்டு ஒதுக்கிவிட்டால் பிள்ளை வளரும்வரை பங்கு அங்கேயே கிடக்கும். அப்பாவின் நாற்காலியும் அப்படிக் கிடக்கும் என்று நினைத்தார்கள். அம்மாவும் தலையாட்டினாள். எனக்கு வேண்டும் என்று நான் ஒரு வார்த்தை கேட்கவில்லை. மற்ற நேரம் வாயாடி என்று பெயர் வாங்கியவள் அன்றைக்கு ஊமையாக நின்றதை நினைத்தால் இன்றும் என் மேலேயே ஆத்திரம் வருகிறது.

மழை பொய்த்துக் காடு காய்ந்தது. நான் பக்கத்து ஊர்த் தறிப்பட்டறைக்குப் போனேன். ஒன்பது வருடம். பவர்லூம் சத்தத்தில் ஒரு காது மந்தமாகிப் போனது. பெண் கேட்டு வந்தவர்களிடம் அம்மா, "பையனுக்கு வேலை கெடைக்கட்டுமுங்க, அப்பறம் பாத்துக்கலாம்" என்று தள்ளிப்போட்டாள். பிறகு யாரும் கேட்டு வரவில்லை.

தம்பிக்குப் பதினெட்டு முடிந்த வாரமே மனுப் போட்டோம். சேலத்துக்கு விசாரணைக்கு வரச்சொல்லிக் கடிதம் வந்தது. மூன்று பேரும் போனோம். அங்கிருந்த அதிகாரி தன்மையான மனிதர். எரிந்து விழுந்திருந்தால் திட்டியாவது தீர்த்திருப்பேன்.

"இத்தனை வருஷம் குடும்பம் எப்படிம்மா நடந்துச்சு?"

அம்மா நிமிர்ந்து உட்கார்ந்தாள். "என்ற மவ தறிக்குப் போயிக் காப்பாத்துனாளுங்க. ஒருத்தருகிட்டக் கை நீட்டுனதில்லீங்க."

அவர் அதை அப்படியே எழுதிக்கொண்டு பேனாவை மூடினார்.

"சம்பாதிக்கிறவர் போனதும் குடும்பம் தெருவுக்கு வந்துடக் கூடாதுன்னு கொடுக்கிற வேலைம்மா இது. பையனுக்குன்னு எடுத்து வைக்கிற சொத்து இல்லை. ஒன்பது வருஷம் சமாளிச்ச குடும்பத்துக்கு இனிமே கொடுக்க வழியில்லை. அப்போ வயசு வந்தவங்க யாருமே இல்லையா?"

அம்மா என்னைக் காட்டினாள்.

"இந்தப் பொண்ணுக்குக் கேட்டிருந்தா அப்பவே கிடைச்சிருக்குமே."

வெட்கமில்லாமல் சொல்கிறேன், எனக்கு ஒரு கணம் சந்தோஷமாக இருந்தது. இதைக் கேட்கப் பெரியப்பா உயிரோடு இல்லையே என்றுகூட நினைத்தேன். அதற்குப் பிறகுதான் வாய் திறந்தது.

"எனக்கு இன்னும் கல்யாணம் ஆகலீங்க. இப்ப எனக்குக் கேக்கலாமுங்களா?"

அவர் கோப்பை நாடாவால் கட்டினார். "ஆறின கஞ்சி பழங்கஞ்சிம்மா" என்றார், என் முகத்தைப் பார்க்காமல்.

திரும்பி வரும் பஸ்ஸில் தம்பி ஜன்னல் பக்கம் திரும்பி அழுதுகொண்டிருந்தான். அம்மா வெகுநேரம் யோசித்துவிட்டு, எனக்குக் கேட்கிற காதின் பக்கம் குனிந்தாள்.

"நீ தறிக்குப் போகாம இருந்திருந்தா அவனுக்குக் குடுத்திருப்பாங்களாட்ட இருக்குது, சாமி."

நான் மறுநாள் காலை ஷிப்டுக்குப் போனேன்.