கட்டைவிரலுக்குக் கீழே

வீட்டுக்கடன் வாங்கித் தரும் அந்த ஏஜெண்ட் எங்கள் வீட்டுக்கு வந்தபோது, செண்ட் வாசனை அவருக்கு முன்னால் வந்தது. தூத்துக்குடி வெயிலிலும் சட்டை கசங்காத மனிதர். என் தம்பி கப்பலில் வேலை பார்ப்பவன். ஒப்பந்தம் முடிந்து கரைக்கு வந்தால் அடுத்த கப்பல் கிடைக்கும்வரை சம்பளம் கிடையாது. கடன் அவனுக்குத்தான்; அன்றும் கரையில்தான் இருந்தான், என் பக்கத்தில். இப்படிப்பட்டவர்களைத் தேடிப் பிடிப்பதுதான் இவருக்குப் பிழைப்பு.

செல்போனில் கணக்குப் போட்டு நீட்டினார். மாதத் தவணை பளிச்சென்று தெரிந்தது. அதற்குக் கீழே மொத்தத் தொகை வரும் இடத்தில் அவருடைய கட்டைவிரல் படுத்திருந்தது. எத்தனை முறை நீட்டினாலும் அங்கேயே போய்ப் படுத்தது.

"விரலக் கொஞ்சம் எடுங்க."

"மொத்தத்த யாரு அண்ணாச்சி பாக்கா? மாசம் எவ்வளவுன்னு பாருங்க."

"தம்பி இப்ப மாதிரி கரையில சும்மா இருந்தா?"

"வருஷத்தக் கூட்டிக்கிடலாம். தவணை கொறஞ்சிரும்."

"வட்டி?"

"அது கூடத்தான் செய்யும்," என்றார், சாயங்காலம் காற்று அடிக்கும் என்பதுபோல.

அந்த விரலை நானே விலக்கினேன். ஒரு வீட்டுக்கு இரண்டு வீட்டு விலை கட்டச் சொல்லியிருந்தது. தம்பி எழுந்து உள்ளே போனான்.

ஏஜெண்டின் முகத்தில் ஒரு கோணலும் இல்லை. சிரித்தபடியே வெளியே போனவர், வாசலில் மீன்காரியை நிறுத்தி சீலா மீனுக்குப் பேரம் பேசினார். தராசில் வைத்த மீன் நழுவாமலிருக்க அவள் ஒரு விரலால் அணைத்தாள். அவருக்கு வந்ததே கோபம்.

"ஏளா, மொதல்ல தட்டுல இருந்து விரல எடு."