இருமிவிட்டு வரும் காவலாளிகள்

ஆபீசில் அவளுக்குக் கோட்டைக்காரி என்று பெயர். பழங்காலக் கோட்டைக்குள் ஒளிந்து ஒளிந்து போய் அரச முத்திரையைத் திருடி வரும் வீடியோ கேம் ஒன்றை அங்கே தயாரித்துக்கொண்டிருந்தார்கள். இரண்டாம் பாகத்தில் காவலாளிகள் அவள் பொறுப்பு. முதல் பாகத்துக் காவலாளிகள் சுத்த மக்குகள். திருடன் மூக்குக்கு முன்னால் நடந்தாலும் சுவரையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். ஆடியவர்கள் எல்லாம் கைகொட்டிச் சிரித்தார்கள். அந்த ரோஷத்தில் இவள் புதியவர்களைக் கண்கொத்திப் பாம்பாக்கிவிட்டாள். அவர்கள் வரும் காலடிச் சத்தமே கேட்காது. திரைச்சீலைக்குப் பின்னால் ஒளிந்தால் நேராக வந்து பிடரியைப் பிடிப்பார்கள்.

விளைவு, ஆடிப் பார்க்க வந்தவர்கள் யாரும் முதல் முற்றத்தையே தாண்டவில்லை. ஒருவர் பாதியில் எழுந்து போயே போய்விட்டார்.

தலைமை வடிவமைப்பாளருக்குப் பட்டப்பெயர் கத்தரி. எதைக் கண்டாலும் வெட்டுவார். "அடுத்த வாரம் நானே ஆடிப் பாக்குறேன்மா. அப்பவும் இப்படித்தான்னா பழைய மக்குங்களையே போட்டுடலாம்" என்றார்.

அன்று மாலை வீட்டில் சமையலறைப் பக்கம் போனவள், வாசலுக்கு முன்னாலேயே வழக்கம்போல் இருமினாள். உள்ளே சர்க்கரை டப்பா டக்கென்று மூடியது. டாக்டர் இனிப்பே கூடாதென்று சொல்லியிருந்த அப்பா, ஒன்றும் அறியாதவராக ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"கையும் களவுமா பிடிக்க வேண்டியதுதானே? எதுக்கு இருமிட்டுப் போற?" என்று கிசுகிசுத்தான் கணவன்.

"பிடிச்சா அவர் மூஞ்சி செத்துப்போயிடும், பாவம். பயந்து மூடி வச்சா போதாதா?"

சொன்ன பிறகுதான் அவளுக்கே சுருக்கென்றது. வீட்டில் இத்தனை தாட்சண்யம் பார்க்கிறவள் கோட்டையில் மட்டும் ராட்சசியாக இருந்திருக்கிறாள். அந்த வாரம் முழுக்கக் காவலாளிகளுக்கு இருமக் கற்றுக்கொடுத்தாள்.

கத்தரி ஆட உட்கார்ந்தார். திரைச்சீலைக்குப் பின்னால் ஒளிந்தார். வெளியே இருமல். பதறியடித்துக் கட்டிலுக்கு அடியில் புகுந்தார். காவலாளி சீலையை விலக்கிப் பார்த்து, ஏதோ முணுமுணுத்துவிட்டுப் போனான்.

"அப்பாடா!" என்று கத்தரி விட்ட மூச்சில் அறையே சிரித்தது. "இதுல எதையும் வெட்ட வேண்டாம்" என்றார். கோட்டைக்காரிக்கு அழுகையே வந்துவிட்டது. மார்பிலிருந்து பாறாங்கல்லை இறக்கி வைத்தது போலிருந்தது.

அந்தச் சந்தோஷத்தில் வீட்டுக்கு ஓடி வந்து, விஷயத்தைச் சொல்ல நேரே சமையலறைக்குள் நுழைந்தாள். இரும மறந்துவிட்டாள். அப்பா, வாயில் கரண்டியோடு, சிலையாக நின்றார்.

அவள் திரும்பி வெளியே போய், வாசலில் நின்று, பலமாக ஒருமுறை இருமினாள்.

உள்ளே டப்பா டக்கென்று மூடியது.