முகூர்த்தத்துக்குப் போன மூட்டை

பெட்ரோலுக்காக நாடே வரிசையில் நின்ற அந்த வருடம், ஓர் ஆவணி மாதக் காலையில், பசறையிலிருந்து நமுனுகுல பக்கம் ஏறும் மலைப்பாதையில் நடந்தது இது.

நான் ஹாலிஎலயில் இருக்கிறேன். அரசாங்க அலுவலகம் ஒன்றின் போக்குவரத்துப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். எந்த வண்டி, எதற்காக, எந்த வழியாகப் போகலாம் என்று தீர்மானிப்பதுதான் என் உத்தியோகம். அப்போது வண்டிகள் என் கையெழுத்துக்குக் காத்து நின்றன. ஓய்வு பெற்றபின் நான் வண்டிக்குக் காத்து நிற்கிறேன். கணக்கு சரியாகிவிட்டது.

அன்று தங்கை மகளுக்குக் கல்யாணம். நமுனுகுல பக்கத்துத் தோட்டம் ஒன்றில்தான் தங்கை குடும்பம் இருக்கிறது. அவள் கணவர் இறந்து சில வருடங்களாகின்றன. அப்பா இல்லாத பெண்ணைத் தாய்மாமன் நான்தான் கைபிடித்து மணவறைக்கு அழைத்துப்போக வேண்டும். "மாமா கையப் பிடிச்சாத்தான் நடப்பேன்" என்று அவளும் சொல்லி வைத்திருந்தாள்.

முதல்நாளே வந்துவிடும்படி தங்கை கெஞ்சினாள். தோட்டத் தொழிலாளர் லயத்தின் ஒற்றை அறை வீட்டில் கல்யாணக் கூட்டத்தோடு ஒருக்களித்துப் படுக்க எனக்கு மனமில்லை. என்னிடம் பயணத் திட்டம் ஒன்று இருக்கிறது, முகூர்த்தத்துக்கு ஒரு மணி நேரம் முன்பே அங்கே இருப்பேன் என்று சொல்லிவிட்டேன்.

திட்டம் பசறை வரை பிழையில்லாமல் நடந்தது. அங்கே பிடித்த ஆட்டோ, பாதி மலையில் இரண்டு முறை விக்கிவிட்டு நின்றது. டிரைவர் இறங்கி வண்டியை உலுக்கிப் பார்த்தார்.

"தோட்டம் வரைக்கும் எண்ணெய் இருக்குன்னு சொன்னீங்களே?"

"இருந்துச்சு சார். மேடு கொஞ்சம் கூடிப்போச்சு."

மலையின் உயரம் அன்று காலையில்தான் கூடியிருக்க வேண்டும். கைபேசி அடித்தது. தங்கை.

"அண்ணே, எங்க இருக்கீங்க? ஐயரு மணியப் பாத்துக்கிட்டே இருக்காரு."

"வந்துகிட்டே இருக்கேன்" என்றேன், நின்றுகொண்டே. முழங்கால் வலிக்காரன். மிச்ச மலையை நடந்து ஏறினால் தாலி கட்டுவதை அல்ல, பந்தல் பிரிப்பதைத்தான் பார்க்கலாம்.

அப்போதுதான் கீழே வளைவில் குளம்புச் சத்தம் கேட்டது. பழுப்புக் குதிரை ஒன்று, கூடவே நாற்பது வயது மதிக்கத்தக்க ஒருவர். குதிரை முதுகில் மடித்த வெறும் சாக்குகள். நுவரெலியா ஏரிக்கரையில் சுற்றுலாப் பயணிகளை ஏற்றிப் பிழைத்தவராம். பயணிகள் வருவது நின்றதும் குதிரையோடு சொந்தத் தோட்டத்துக்கே வந்துவிட்டார். இங்கே புல்லுக்குக் காசு கேட்பார் யாருமில்லை. லொறி ஓடாததால் தோட்டத்து மரக்கறியைப் பசறைக்கு இறக்குவதும், மாவு மூட்டையை மேலே ஏற்றுவதும் இப்போது இந்தக் குதிரைதான். அன்று கடையில் மாவு இல்லை, வெறும் சாக்கோடு திரும்பிக்கொண்டிருந்தார்.

"கல்யாணத்துக்கா சார்?"

"எப்படித் தெரியும்?"

"பட்டுச் சட்ட போட்டுக்கிட்டு யாரு வேலைக்குப் பேர் குடுக்கப் பெரட்டுக்குப் போறா? ஏறுங்க, நானும் அங்கதான்."

பழக்கதோஷத்தில் கேட்டுவிட்டேன்: "லைசன்ஸ் இருக்கா?"

"எனக்கா சார், குதிரைக்கா?"

பாதையோரத்துச் சின்னப் பாலத்தின் கைப்பிடிச் சுவரில் ஏறி, ஆட்டோ டிரைவர் பின்னாலிருந்து தள்ள, ஒருவழியாகக் குதிரை மேல் உட்கார்ந்தேன். டிரைவர் சிரித்துக்கொண்டே கைபேசியில் படம் எடுத்தார். குதிரையும் நடந்தது.

தார் ரோட்டை விட்டுத் தேயிலைக்குள் போகும் பழைய குதிரைப் பாதையில் திரும்பினோம். ரயில் பதுளைக்கு வருமுன் வெள்ளைக்காரத் துரைமாரும் தபாலும் குதிரையில் போன காலத்தில் வெட்டியது. குதிரைக்கு மூச்சு வாங்காதபடி சரிவைப் பார்த்துப் போட்டிருக்கிறார்கள். வழியில் தண்ணீர் குடிக்கக் கல் தொட்டிகூட இருக்கிறது, இப்போது தவளைகளின் வசம். இதையெல்லாம் நான் குதிரைக்காரருக்கு விளக்கிக்கொண்டிருந்தபோது குதிரை நின்றது. நிதானமாகத் திரும்பியது. வந்த வழியே இறங்கத் தொடங்கியது.

"ரவுண்டு முடிஞ்சிருச்சு சார்" என்றார் அவர், சங்கடத்தோடு. "ஏரிக்கரையில ஒரு ஆளுக்கு இவ்வளவு தூரந்தான். இறங்கி மறுபடி ஏறுங்க. ஏறினதும் போட்டோ எடுக்கணும், இல்லாட்டி நகராது."

இறங்கினேன். கல் தேடி ஏறினேன். அவர் கைபேசியைத் தூக்கிப் பிடித்தார். குதிரை படத்துக்குத் தலையை நிமிர்த்திவிட்டு நடந்தது. அதே அளவு தூரம் போய் மறுபடி திரும்பியது. விதியை இவ்வளவு சுத்தமாகக் கடைப்பிடிக்கும் ஒரு ஊழியர் என் பிரிவில் ஒருநாளும் இருந்ததில்லை.

மூன்றாம் முறை ஏறும்போது மேலே கொழுந்து பறித்துக்கொண்டிருந்த பெண்கள் பார்த்துவிட்டார்கள்.

"ஏண்டி, மாப்ள கொஞ்சம் முத்திப்போன மாதிரி இருக்கே?"

"வரிசையில நின்னு நின்னு முத்திருப்பாருடி!"

கைபேசி மறுபடி அடித்தது. இம்முறை தங்கை பேசவில்லை, மருமகள். "மாமா, வந்துருவீங்கதானே?" அவ்வளவுதான் கேட்டாள். அழுகையை அடக்கிக்கொண்டு கேட்டது தெரிந்தது. மணமகள் அலங்காரத்தோடு உட்கார்ந்து, அப்பா இல்லாத குறை போதாதென்று மாமனையும் எதிர்பார்த்துக்கொண்டிருக்கும் பெண். முழங்கால் வலியெல்லாம் மறந்துபோயிற்று.

"மாவு மூட்டை ஏத்தினாலும் இப்படித்தான் திரும்புமா?" என்று கேட்டேன்.

"இல்ல சார். மூட்டைய வெச்சா வீடு வரைக்கும் நிக்காது. ஆளு கால் ரெண்டு பக்கமும் தொங்கினாத்தான் ரவுண்டுன்னு நெனச்சுக்கும்."

என் மூளை உத்தியோகக் காலத்துக்குத் திரும்பியது. பயணிக்கு ஒரு விதி, சரக்குக்கு வேறு விதி. பயணியாகப் போக முடியாவிட்டால் வகையை மாற்றிப் பதிய வேண்டியதுதான்.

"என்னை மூட்டையா ஏத்துங்க."

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். பிறகு, சிரிக்காமல், வேலையைத் தொடங்கினார். குதிரையின் முதுகில் குறுக்கே குப்புறப் படுத்தேன். இந்தப் பக்கம் தலை, அந்தப் பக்கம் கால். மேலே பழைய மாவு படிந்த இரண்டு சாக்கைப் போட்டு, கயிற்றால் ஒரு சுற்று. அதுவரை என் கையிலிருந்த சீர்ப் பையை அவர் தோளில் மாட்டிக்கொண்டார்.

"பேசக் கூடாது சார். மூட்ட பேசாது."

என்னைப் பொறுத்தவரை அதுதான் பயணத்தின் கடினமான பகுதி. குதிரை வழக்கமாகத் திரும்பும் தூரம் வந்தது. மூச்சைப் பிடித்துக்கொண்டேன். நிற்கவில்லை. கல் தொட்டியைக் கடந்தது, கொழுந்து நிறுக்கும் இடத்தைக் கடந்தது. அங்கே ஒரு குரல், "மாப்ளய எங்கடி காணோம்?" என்றது. பதில் சொல்ல நா துடித்தது. மூட்டை பேசவில்லை.

உலகம் எனக்குத் தரையும் கால்களுமாக மட்டும் தெரிந்தது. பிறகு தவில் சத்தம். வாழைமரத்து அடி. செருப்புகள், வெறுங்கால்கள், குழந்தைக் கால்கள். கூட்டத்தை விலக்கிக்கொண்டு மெட்டி கழற்றிய இரண்டு கால்கள் ஓடி வந்தன. முகம் பார்க்காமலே தெரிந்தது, தங்கை.

"மாவா வந்துருக்கு?" என்று கேட்டவள், சாக்கை விலக்கியதும், "ஐயோ, அண்ணே!" என்று தலையில் கைவைத்துச் சிரித்தாள். சிரித்துக்கொண்டே அழுதாள். அவள் கணவர் போனபின் அவள் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை.

என்னை நிமிர்த்தி நிறுத்தினார்கள். மருதாணிக் கால்கள் கதவருகே வந்து நின்றன. "லேட்டு மாமா" என்றாள். "வண்டி அப்படி" என்றேன். கையை நீட்டினாள், பிடித்துக்கொண்டேன். ஐயர் மணி பார்ப்பதை நிறுத்தினார்.

குதிரையை எங்கே கட்டுவது என்று பார்த்தபோது, தோட்டத்துத் துரையின் ஜீப் நிற்கும் கட்டடத்தை ஒருவர் காட்டினார். அந்தக் காலத்துக் குதிரை லாயம். சுவரில் இரும்பு வளையங்கள் இன்னும் இருந்தன. ஜீப் டிரைவர் தயங்காமல் ஜீப்பை வெளியே தள்ளிவிட்டார். எப்படியும் தள்ளித்தான் ஆக வேண்டும், அதற்கும் எண்ணெய் இல்லை. குதிரை உள்ளே போய்ப் புல் தின்றது, தன் வீட்டில் தின்பதுபோல.

பந்தியில் என் பக்கத்தில் உட்கார்ந்த குதிரைக்காரர் பாயசத்தை முடித்துவிட்டுக் கேட்டார்: "திரும்பிப் போறப்ப ஆளாவா சார், மூட்டையாவா?"

அன்று நான் திரும்பவில்லை. லயத்திலேயே, கூட்டத்தோடு ஒருக்களித்துப் படுத்தேன். நன்றாகத் தூங்கினேன்.

கல்யாண ஆல்பத்தில் மருமகளின் பட்டுப்புடவைத் தோளில் வெள்ளையாக ஓர் அடையாளம் தெரிகிறது, என் சட்டையிலிருந்து ஒட்டிய சாக்கு மாவு. வீட்டுக்கு வருகிறவர்கள் அதைக் கறை என்கிறார்கள். பெரிய பெரிய வண்டிகளில் பெரிய மனிதர்களை முறைப்படி அனுப்பி வைத்த என் உத்தியோகத்தில், உரிய நேரத்தில் உரிய இடத்தில் ஒப்படைக்கப்பட்ட ஒரே சரக்கு நான்தான் என்பதற்கு அதைவிட நல்ல முத்திரை எனக்குத் தேவையில்லை.