அவிழ்க்காமல் ஓட்டிய மாடு

கதை கட்டுவது என் வேலை இல்லை. வண்டி ஓட்டுவதுதான் என் வேலை. இது என் கண்ணெதிரே நடந்தது. நம்புவதும் நம்பாததும் உங்கள் இஷ்டம்.

வண்டி மாடு ஒரு நாளில் இருபது மைல் போகும். அதுவும் உச்சி வெயிலில் அவிழ்த்து, தண்ணீர் காட்டி, படுத்து அசைபோட விட்டால்தான். குதிரை என்றால் முப்பது போகும். குதிரை வாங்க எனக்கு ஏது வக்கு? அன்று ஆஸ்பத்திரிக்கு முப்பது மைல். பாலம் உடைந்துவிட்டது. சுற்றுவழியெல்லாம் சேறு, மோட்டார் எதுவும் வராது. வண்டிக்குள் என் மனைவி, முந்தின நாளிலிருந்து பிரசவ வலி. இருட்டுவதற்குள் போய்ச் சேராவிட்டால் இரண்டு உயிரும் தங்காது என்று மருத்துவச்சி கையை விரித்துவிட்டாள்.

விடியலில் பூட்டினேன். உச்சிப்பொழுதில் அவிழ்க்கவில்லை. வண்டிக்காரன் செய்யக் கூடாத பாவம் அது. தெரிந்தேதான் செய்தேன். கொஞ்ச தூரத்தில் இடது மாடு முழங்கால் மடித்துச் சேற்றில் விழுந்தது. ஐயோ, எல்லாம் போச்சு என்று குதித்தேன். நான் கிட்டே போவதற்குள்... தானாக எழுந்து நடந்தது.

"ஏங்க... நின்னுடுச்சா?"

"இல்லம்மா, போகுது. நீ பேசாம படு."

அதன் பிறகு அதற்கு நுரை தள்ளவில்லை. மூச்சு இரைக்கவில்லை. வாளியை நீட்டினேன், குடிக்கவில்லை. வலது மாடு கழுத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டு நடுங்கியது.

தட்டிக் கொடுத்தேன். வெயிலில் நடந்த உடம்பு... சில்லென்று இருந்தது.

இறங்கி ஓடிவிடலாமா? உள்ளே அவள் முனகலும் நின்றுவிட்டது.

"நீ எதுவா இருந்தாலும் சரி... இழு சாமி!" கும்பிட்டேன்.

இழுத்தது.

சளக்... சளக்... ஒரு மாட்டின் குளம்புச் சத்தம்தான் கேட்டது.

பொழுது சாயும்போது ஆஸ்பத்திரி வாசல். அவளைத் தூக்கிக்கொண்டு உள்ளே ஓடினேன். வெகுநேரம் கழித்து நர்ஸ் வந்தார்.

"பையன். அம்மாவும் பொழச்சுட்டாங்க."

அழுதுகொண்டே வெளியே வந்தேன். இரண்டு மாடும் பூட்டியபடியே நின்றன. கயிற்றை அவிழ்த்தேன்.

இடது மாடு கட்டையாகச் சாய்ந்தது.

எதிர்வீட்டில் இருந்த மாட்டு டாக்டர் ஓடிவந்தார். அதன் காலை மடக்கிப் பார்த்தார். மடங்கவில்லை. என்னை ஒரு மாதிரி பார்த்தார்.

"இது மத்தியானமே செத்துப்போச்சேப்பா... செத்த மாட்டை எதுக்கு இவ்வளவு தூரம் இழுத்துட்டு வந்தே?"

நான் எங்கே ஐயா இழுத்தேன்? மாட்டின் காலில் விழுந்து கும்பிட்டேன்.